பென் டிரைவில் வந்த திருட்டு மென்பொருள்கள் – ஒரு வரலாறு

முன்னுரை

இன்று கணினி இல்லாத கடையோ, பள்ளியோ, அலுவலகமோ இல்லை எனலாம். ஆனால் அந்தக் கணினியில் உள்ள மென்பொருளை யார் தந்தார்கள், அதற்கு உரிமம் இருக்கிறதா என்று கேட்டால் பல இடங்களில் ஒரே பதில்தான் வரும். "தெரிந்தவர் பென் டிரைவில் போட்டுக் கொடுத்தார்!" இந்தப் பழக்கம் எப்படி வந்தது? இதனால் என்ன கெடுதல்? இதற்கு நேர்வழி எது? இவற்றைப் பற்றியதே இந்தக் கட்டுரை.

நீலகிரி மாவட்டம் குன்னூர் வட்டத்தில் அருவங்காட்டுக்கு அருகில் உள்ள பேரூராட்சி ஜெகதளா. ஆங்கிலேயர்கள் 1852இல் இந்தப் பகுதியில் படைவீரர் குடியிருப்புகளைக் கட்டியபோது அந்த இடம் 'ஜக்கதளா' என்று இவ்வூரின் பெயராலேயே அழைக்கப்பட்டது. அதுதான் பின்னர் வெலிங்டன் ஆனது. ஜெகதளா படுகர் மக்களின் முக்கியமான ஊர்களில் ஒன்று. தேயிலைதான் வாழ்வாதாரம். இவர்கள் பேசும் படுக மொழிக்குத் தனி எழுத்து பரவலான வழக்கில் இல்லை. ஆகவே பெரும்பாலும் தமிழ் எழுத்திலேயே எழுதுகின்றனர். ஹெத்தையம்மன் பண்டிகை நோட்டீஸ், திருமணப் பத்திரிகை, தேயிலை விவசாயிகளின் மனு, பள்ளி வினாத்தாள் என எதை அச்சிட வேண்டுமானாலும் தமிழ் எழுத்துருவும் டிடிபி செய்யும் கணினியும் வேண்டும். ஆகவே மென்பொருள் என்பது சென்னைக்கும் பெங்களூருக்கும் மட்டும் உரிய விஷயம் அல்ல. மலையூருக்கும் அது அன்றாடத் தேவைதான்.

பிளாப்பி காலம்

திருட்டு மென்பொருளுக்கும் வைரஸுக்கும் உள்ள உறவு மிகப் பழையது. ஐபிஎம் கணினிகளில் பரவிய முதல் வைரஸ் எனப்படும் 'பிரெய்ன்' 1986இல் பாகிஸ்தானின் லாகூரில் பிறந்தது. அதை எழுதியவர்கள் பாசித் ஃபரூக் ஆல்வி, அம்ஜத் ஃபரூக் ஆல்வி என்னும் சகோதரர்கள். தாங்கள் எழுதிய மருத்துவ மென்பொருளைப் பிறர் அனுமதியின்றிப் படியெடுப்பதைக் கண்டறியவே அதை உருவாக்கியதாக அவர்கள் பின்னர் கூறினார்கள். அந்த வைரஸுக்குள் தங்கள் கடை முகவரியையும் தொலைபேசி எண்ணையும்கூட எழுதி வைத்திருந்தார்கள்! ஆனால் பிளாப்பி கைமாறக் கைமாற அது கடல் கடந்து அமெரிக்கா வரை சென்றுவிட்டது.

இதில் கவனிக்க வேண்டியது ஒன்று உண்டு. வைரஸ் பரவியதற்கு இணையம் காரணம் அல்ல. ஒருவர் கையிலிருந்து இன்னொருவர் கைக்குப் போன தட்டுதான் காரணம். பென் டிரைவ் வந்த பிறகு நடந்ததும் இதே கதைதான். வேகம் மட்டும்தான் கூடியது.

சிடி காலம்

1990களின் இறுதியில் கணினி விலை குறைந்து சிறு ஊர்களுக்கும் வந்தது. உதிரி பாகங்களை வாங்கிப் பொருத்தித் தரும் 'அசெம்பிள்டு' கணினிகள்தான் அப்போது அதிகம் விற்றன. அவற்றில் விண்டோஸும் ஆபிஸும் போட்டோஷாப்பும் 'இலவசமாகவே' ஏற்றித் தரப்பட்டன. சென்னை ரிச்சி தெருவிலும் பர்மா பஜாரிலும் கிடைத்த சிடிக்களின் நகல்கள் ஊர் ஊராகப் போயின. சிடி உறையின் மேல் பேனாவால் எழுதிய சீரியல் எண்தான் உரிமம்!

டிடிபி கடைகளில் அடோபி நிறுவனத்தின் பேஜ்மேக்கர்தான் அரசன். அதன் கடைசிப் பதிப்பான 7.0 வெளிவந்தது 2001இல். 2004இல் அடோபி அதன் வளர்ச்சியை நிறுத்திவிட்டது. ஆனாலும் தமிழ் டிடிபி உலகம் பேஜ்மேக்கரை விடவில்லை. அதற்கேற்ற பழைய தமிழ் எழுத்துருக்கள் கையில் இருந்தன. வேலை தெரிந்தவர்கள் இருந்தார்கள். வாங்கிய விலையோ பல இடங்களில் வெறும் சிடி விலைதான்.

பென் டிரைவும் போர்ட்டபிள் மென்பொருளும்

2000ஆம் ஆண்டில் யுஎஸ்பி பென் டிரைவ் விற்பனைக்கு வந்தது. ஐபிஎம் விற்ற முதல் பென் டிரைவின் கொள்ளளவு 8 எம்பி மட்டுமே. சில ஆண்டுகளில் அது ஜிபி கணக்கில் வளர்ந்தது. அப்போதுதான் ஒரு புதிய எண்ணம் பிறந்தது. கோப்புகளை மட்டும் ஏன் எடுத்துச் செல்ல வேண்டும்? மென்பொருளையே எடுத்துச் சென்றால் என்ன?

சாதாரண மென்பொருளைக் கணினியில் நிறுவும்போது அது தன் கோப்புகளைப் பல இடங்களில் வைக்கும். விண்டோஸ் ரெஜிஸ்ட்ரியிலும் குறிப்புகளை எழுதும். போர்ட்டபிள் மென்பொருள் அப்படிச் செய்யாது. தன் அமைப்புகளைத் தன் கோப்புறைக்குள்ளேயே வைத்துக்கொள்ளும். பென் டிரைவைச் செருகி, இரண்டு முறை சொடுக்கினால் போதும். வேலை முடிந்ததும் கழற்றிக்கொண்டு போகலாம். அமெரிக்காவைச் சேர்ந்த ஜான் ஹாலர் 2004இல் ஃபயர்ஃபாக்ஸ் உலாவியை இப்படி மாற்றி வெளியிட்டார். அதிலிருந்து வளர்ந்ததுதான் 'போர்ட்டபிள் ஆப்ஸ்' தளம். அது முழுக்க முழுக்கச் சட்டப்படியான முயற்சி.

இன்னொரு பக்கம் 'தின்ஸ்டால்' என்ற தொழில்நுட்பம் வந்தது. எந்த மென்பொருளையும் அதற்குத் தேவையான ரெஜிஸ்ட்ரியோடும் கோப்புகளோடும் சேர்த்து ஒரே கோப்பாக மூட்டை கட்டிவிடலாம். 2008இல் விஎம்வேர் நிறுவனம் இதை வாங்கி 'தின்ஆப்' என்று பெயர் மாற்றியது. பெரிய நிறுவனங்கள் தங்கள் ஊழியர்களின் கணினிகளுக்கு மென்பொருளை எளிதாக அனுப்பவே இது உருவானது. ஆனால் திருடர்கள் இதைத் தங்கள் வேலைக்குப் பயன்படுத்திக்கொண்டார்கள். போட்டோஷாப், கோரல் டிரா, ஆபிஸ் போன்றவற்றைப் பூட்டு உடைத்து, ஒரே கோப்பாக மூட்டை கட்டி, 'போர்ட்டபிள்' என்று பெயர் வைத்து இணையத்தில் விட்டார்கள்.

மலையூர்களில் இது ஏன் எடுபட்டது என்பதைப் புரிந்துகொள்வது கடினம் அல்ல. தொலைபேசி வழியாக 56 கேபிபிஎஸ் வேகத்தில் 100 எம்பி கோப்பை இறக்க முழு வேகம் கிடைத்தாலே 4 மணி நேரம் ஆகும். 2005இல் பிஎஸ்என்எல் அகலப்பட்டை வந்தபோது 256 கேபிபிஎஸ் வேகத்தில் அது ஒரு மணி நேரத்துக்குச் சற்றுக் குறைவாக ஆனது. ஆகவே ஒருவர் கோயம்புத்தூரில் இறக்கி எடுத்து வந்தால் பத்துப் பேர் அதைப் படியெடுத்துக்கொள்வது இயல்பாக இருந்தது. பிரவுசிங் சென்டரிலும் கல்லூரி ஆய்வகத்திலும் மென்பொருள் நிறுவ அனுமதி கிடையாது. நிறுவாமலே ஓடும் மென்பொருள் அங்கே வரப்பிரசாதமாகத் தெரிந்தது.

ஆபத்து எங்கே இருக்கிறது?

போர்ட்டபிள் என்பது குற்றம் அல்ல. திருட்டு போர்ட்டபிள்தான் ஆபத்து. சாதாரணத் திருட்டு மென்பொருளைவிட இது ஏன் கூடுதல் ஆபத்து என்று பார்ப்போம்.

முதலாவது, மூட்டையைக் கட்டியவர் யார் என்று தெரியாது. பூட்டை உடைத்தவர் உள்ளே இன்னொரு நிரலைச் சேர்த்திருந்தாலும் வெளியே தெரியாது. போட்டோஷாப் ஒழுங்காகவே திறக்கும். பின்னணியில் வேறொன்றும் ஓடிக்கொண்டிருக்கும். 2009 ஜனவரியில் ஆப்பிளின் ஐவொர்க் 09 மென்பொருளின் திருட்டுப் பிரதிகளில் இப்படி ஒரு டிரோஜன் இருந்தது கண்டுபிடிக்கப்பட்டது. மேக் கணினிக்கு வைரஸே வராது என்று நம்பியவர்களும் அதில் மாட்டிக்கொண்டார்கள்.

இரண்டாவது, ஆன்டிவைரஸ் எச்சரித்தாலும் யாரும் கேட்பதில்லை. 'கிராக் என்றால் அப்படித்தான் காட்டும், ஆன்டிவைரஸை அணைத்துவிட்டு ஓட்டுங்கள்' என்று கூடவே ஒரு குறிப்பு வரும். சில சமயம் அது வீண் எச்சரிக்கையாகவும் இருக்கலாம். எது வீண், எது உண்மை என்று பிரித்தறிய பயனருக்கு வழியே இல்லை. வீட்டுக் காவல் நாயைக் கட்டிப்போட்டுவிட்டு முகம் தெரியாதவருக்குக் கதவைத் திறப்பது போன்றது இது.

மூன்றாவது, திருத்தங்கள் வராது. மென்பொருளில் ஓட்டை கண்டுபிடிக்கப்பட்டால் உரிமையாளர் அதை அடைத்துப் புதிய பதிப்பு தருவார். திருட்டு மூட்டையில் அந்த வசதி பெரும்பாலும் முடக்கப்பட்டிருக்கும். கணினியில் நிறுவப்படாததால் நிறுவிய மென்பொருள் பட்டியலிலும் அது தெரியாது. எந்தக் காலத்துப் பதிப்பு ஓடுகிறது என்பதே மறந்துபோகும்.

நான்காவது, பென் டிரைவே நோயைச் சுமக்கும். 2008 நவம்பரில் 'கான்ஃபிக்கர்' என்ற புழு உலகெங்கும் பரவியது. அது பயன்படுத்திய ஓட்டைக்கு மைக்ரோசாஃப்ட் அதற்கு முந்தைய மாதமே, அக்டோபர் 23 அன்றே, திருத்தம் வெளியிட்டிருந்தது! ஆனால் திருட்டு விண்டோஸ் வைத்திருந்தவர்களில் பலர் 'இது அசல் அல்ல' என்ற அறிவிப்பு வந்துவிடுமோ என்று பயந்து திருத்தங்களை நிறுத்தி வைத்திருந்தார்கள். கான்ஃபிக்கரின் அடுத்த வடிவம் பென் டிரைவின் ஆட்டோரன் வழியாகவும் பரவியது. 2011 பிப்ரவரியில்தான் பழைய விண்டோஸ் பதிப்புகளில் பென் டிரைவுக்கான ஆட்டோரனைத் தடுக்கும் திருத்தத்தை மைக்ரோசாஃப்ட் பரவலாக அனுப்பியது. 2010இல் கண்டுபிடிக்கப்பட்ட 'ஸ்டக்ஸ்நெட்' புழுவும் பென் டிரைவ் வழியாகப் பரவியதுதான். அதன் குறி ஈரான். ஆனாலும் அதிகம் பாதிக்கப்பட்ட நாடுகளின் வரிசையில் இந்தியாவும் இருந்தது.

இன்று ஆபத்தின் வடிவம் மாறியிருக்கிறது. முன்பு வைரஸ் கணினியை மெதுவாக்கும், கோப்புறைகளை மறைக்கும். இப்போது வரும் ரேன்சம்வேர் கோப்புகளைப் பூட்டிவிட்டுப் பணம் கேட்கிறது. 2018க்குப் பின் பரவிய 'ஸ்டாப்' என்ற ரேன்சம்வேர் வகை முக்கியமாகக் கிராக் கோப்புகள் மூலமாகவே வீட்டுக் கணினிகளுக்கு வந்தது. உலாவியில் சேமித்த கடவுச்சொற்களைத் திருடும் நிரல்களும் இதே வழியில் வருகின்றன. ஒரு டிடிபி கடையை எண்ணிப் பாருங்கள். அதே கணினியில்தான் வாடிக்கையாளரின் ஆதார் நகல், வங்கிப் புத்தகம், மதிப்பெண் சான்றிதழ் எல்லாம் ஸ்கேன் செய்யப்படுகின்றன. கடைக்காரர் மிச்சம் பிடித்த பணத்துக்கு ஊரார் விலை கொடுக்க நேரிடும்.

சட்டம் என்ன சொல்கிறது?

இந்தியப் பதிப்புரிமைச் சட்டம் 1957இல் இயற்றப்பட்டது. 1984ஆம் ஆண்டுத் திருத்தத்தில் கணினி நிரல்களும் அதன் பாதுகாப்புக்குள் வந்தன. 1994ஆம் ஆண்டுத் திருத்தத்தில் 63பி என்ற பிரிவு சேர்க்கப்பட்டது. திருட்டுப் பிரதி என்று தெரிந்தே ஒரு நிரலைக் கணினியில் பயன்படுத்துபவருக்குக் குறைந்தது 7 நாள் முதல் 3 ஆண்டு வரை சிறையும், 50,000 ரூபாய் முதல் 2 லட்சம் ரூபாய் வரை அபராதமும் விதிக்க அது இடம் தருகிறது. விற்பவர் மட்டுமல்ல, பயன்படுத்துபவரும் குற்றவாளிதான் என்பது பலருக்குத் தெரியாது.

அதே பிரிவில் ஒரு விலக்கும் உண்டு. லாபத்துக்காகவோ தொழிலுக்காகவோ பயன்படுத்தவில்லை என்றால், நீதிமன்றம் காரணத்தைப் பதிவு செய்து, சிறைத்தண்டனை இன்றி 50,000 ரூபாய் வரை அபராதம் மட்டும் விதிக்கலாம். ஆகவே வீட்டில் பழகும் மாணவரைவிடக் கடை நடத்துபவருக்கே ஆபத்து அதிகம். 2012ஆம் ஆண்டுத் திருத்தம், உரிமையைப் பாதுகாக்கும் தொழில்நுட்பப் பூட்டை உரிமை மீறும் நோக்கத்தோடு உடைப்பதையும் தனிக் குற்றமாக்கியது.

"நிறுவவே இல்லையே, பென் டிரைவில்தானே ஓடுகிறது" என்ற வாதம் இங்கே செல்லாது. சட்டம் பார்ப்பது நிறுவுதலை அல்ல, பயன்படுத்துதலை.

தமிழ் இழந்தது என்ன?

திருட்டு மென்பொருளால் அமெரிக்க நிறுவனத்துக்குத்தானே நட்டம், நமக்கென்ன என்று கேட்பவர்கள் உண்டு. அவர்கள் தமிழ் எழுத்துருவின் கதையைத் தெரிந்துகொள்ள வேண்டும்.

தமிழைக் கணினியில் ஏற்றியவர்கள் பெரும்பாலும் தனி மனிதர்களும் சிறு நிறுவனங்களும்தான். மலேசியாவின் முத்து நெடுமாறன் 1980களின் நடுவிலேயே முரசு மென்பொருளைத் தொடங்கினார். தமிழ்நாட்டிலும் வெளியிலும் பலர் சொந்தமாக எழுத்துருக்களை வரைந்து விற்றார்கள். ஒரு எழுத்துருவை வரைய மாதக்கணக்கில் உழைக்க வேண்டும். அதைப் படியெடுக்க ஒரு நொடி போதும். ஒரு பிரதி விற்றால் அது பல கடைகளுக்குப் போய்விடும் என்ற நிலையில், எழுத்துரு செய்து பிழைக்கலாம் என்ற நம்பிக்கை எத்தனை பேருக்கு இருந்திருக்கும்?

இதைவிடப் பெரிய இழப்பு ஒன்று உண்டு. அந்தக் கால எழுத்துருக்கள் ஒவ்வொன்றும் ஒவ்வொரு குறியீட்டு முறையில் இருந்தன. ஒன்றில் 'அ' இருந்த இடத்தில் இன்னொன்றில் வேறு எழுத்து இருக்கும். அந்த எழுத்துரு இல்லாத கணினியில் கோப்பைத் திறந்தால் புரியாத ஆங்கிலக் குறிகள்தான் தெரியும். இதைச் சீர்செய்யவே 1999 பிப்ரவரியில் சென்னையில் தமிழ்நெட் 99 மாநாடு நடந்தது. தமிழ்99 விசைப்பலகையும் டாம், டாப் குறியீடுகளும் அங்கே முடிவாயின. பின்னர் 2010 ஜூனில் கோவையில் நடந்த உலகத் தமிழ்ச் செம்மொழி மாநாட்டை ஒட்டி, யூனிகோடையும் டேஸ்16 முறையையும் தமிழ்நாடு அரசு தரமாக அறிவித்தது.

ஆனால் திருட்டு பேஜ்மேக்கரில் பழகியவர்கள் மாறவில்லை. பேஜ்மேக்கர் யூனிகோடை ஏற்காது. காசு கொடுத்து வாங்கியிருந்தால் புதிய பதிப்பு, விற்றவரின் உதவி, மாறும் வழி எல்லாம் கேட்டிருப்பார்கள். இலவசமாக வந்ததால் கேட்க உரிமையும் இல்லை, மாற அவசரமும் இல்லை. விளைவு? ஊர் மலர், கோயில் வரலாறு, சங்க அறிக்கை என எத்தனையோ கோப்புகள் பழைய சிடிக்களில் தூங்குகின்றன. அவற்றைத் திறக்கும் மென்பொருளும் இல்லை, படிக்கும் எழுத்துருவும் இல்லை. படுக மொழியில் உள்ள பாடலையும் பழமொழியையும் தமிழ் எழுத்தில் தட்டச்சு செய்து வைத்திருந்தால் அவற்றுக்கும் இதே கதிதான். காகிதப் பிரதியும் தொலைந்துவிட்டால் எழுதியது எழுதாததற்குச் சமம்.

சட்டப்படியான மாற்று வழிகள்

நல்ல செய்தி என்னவென்றால், திருட வேண்டிய தேவையே இப்போது இல்லை. அமெரிக்காவின் ரிச்சர்டு ஸ்டால்மன் 1983இல் குனு திட்டத்தை அறிவித்தார். பயன்படுத்த, படிக்க, திருத்த, பகிர உரிமை தரும் மென்பொருளே கட்டற்ற மென்பொருள். 1991இல் பின்லாந்தின் லினஸ் டோர்வால்ட்ஸ் லினக்ஸ் கருநிரலை வெளியிட்டார். இங்கே பென் டிரைவில் நண்பருக்குக் கொடுப்பது குற்றம் அல்ல. கொடுக்கச் சொல்கிறது உரிமம்!

தமிழிலும் இந்த முயற்சிகள் சீக்கிரமே தொடங்கின. முகுந்த் முதலானோரின் 'தமிழா' குழு இ-கலப்பை தட்டச்சு மென்பொருளைத் தந்தது, ஓப்பன் ஆபிஸையும் ஃபயர்ஃபாக்ஸையும் தமிழாக்கியது. 2005 ஏப்ரலில் மத்திய அரசு தமிழ் எழுத்துருக்களும் தமிழ் மென்பொருள்களும் அடங்கிய சிடியை இலவசமாக வெளியிட்டது. சென்னை சிடாக் உருவாக்கிய 'பாஸ்' லினக்ஸ் 2007இல் வந்தது. எல்காட் நிறுவனத்தின் நிர்வாக இயக்குநராக இருந்த உமாசங்கர் ஐஏஎஸ் அந்த நிறுவனத்தின் கணினிகளை சூசே லினக்ஸுக்கும் ஓப்பன் ஆபிஸுக்கும் மாற்றினார். 2011 செப்டம்பரில் தொடங்கிய விலையில்லா மடிக்கணினித் திட்டத்திலும் விண்டோஸுடன் பாஸ் லினக்ஸ் சேர்த்தே தரப்பட்டது.

கூடலூரைத் தாண்டினால் வரும் கேரளம் இன்னும் ஒரு படி மேலே போனது. அங்கே ஐடி அட் ஸ்கூல் திட்டத்தின் மூலம் பள்ளிக் கணினிப் பாடமே கட்டற்ற மென்பொருளுக்கு மாற்றப்பட்டது. தமிழ்நாட்டில் மாணவர் கைக்கு லினக்ஸ் வந்தது, ஆனால் பாடமும் பயிற்சியும் அதே அளவுக்குக் கூட வரவில்லை. கருவி மட்டும் கொடுத்தால் போதாது, கற்றுக் கொடுக்கவும் வேண்டும் என்பதே இதில் உள்ள பாடம்.

இன்று ஒரு மாணவரோ கடைக்காரரோ என்ன செய்யலாம்?

போட்டோஷாப்புக்குப் பதிலாக கிம்ப், கிரிட்டா. கோரல் டிராவுக்குப் பதிலாக இங்க்ஸ்கேப். பேஜ்மேக்கருக்குப் பதிலாக ஸ்கிரைபஸ். ஆபிஸுக்குப் பதிலாக லிப்ரே ஆபிஸ். படம் பார்க்க விஎல்சி. சுருக்கப்பட்ட கோப்புகளைத் திறக்க 7-ஜிப். இவற்றில் பெரும்பாலானவை போர்ட்டபிள் வடிவிலும் சட்டப்படியே கிடைக்கின்றன.

எழுத்துருக்களுக்கும் பஞ்சம் இல்லை. லோகித் தமிழ், நோட்டோ சான்ஸ் தமிழ், மீரா இனிமை, காட்டமரன், முக்தா மலர் போன்ற யூனிகோடு எழுத்துருக்கள் திறந்த உரிமத்தில் உள்ளன. அச்சுத் தொழிலுக்கும் தாராளமாகப் பயன்படுத்தலாம். பழைய கோப்புகளை மீட்க என்எச்எம் கன்வெர்ட்டர், சுரதா யாழ்வாணனின் பொங்குதமிழ் போன்ற எழுத்துரு மாற்றிகள் உருவாக்கப்பட்டன. பழைய சிடிக்கள் கெடுவதற்குள் இந்த வேலையைச் செய்வது நல்லது.

இரண்டு எச்சரிக்கைகள். இலவசம் என்பதெல்லாம் கடைக்கும் இலவசம் என்று பொருள் அல்ல. இர்ஃபான்வியூ வீட்டுக்கு இலவசம், தொழிலுக்குக் கட்டணம். வின்ரார் 40 நாள் சோதனைக்கு மட்டுமே. அதேபோல் 2013 ஜனவரியில் அடோபி தன் சிஎஸ்2 மென்பொருளையும் அதன் சீரியல் எண்களையும் இணையத்தில் வைத்தபோது எல்லோருக்கும் இலவசம் என்று செய்தி பரவியது. ஏற்கெனவே வாங்கியவர்களுக்கு மட்டுமே அது என்று அடோபி விளக்க வேண்டியதாயிற்று. அடுத்தது, எதையும் உருவாக்கியவரின் தளத்திலிருந்தே இறக்க வேண்டும். கட்டற்ற மென்பொருளின் பெயரிலும் போலி மூட்டைகள் உலவுகின்றன.

மாறுவது எளிது என்று சொல்லிவிட முடியாது. பேஜ்மேக்கரில் இருபது ஆண்டு பழகிய கை ஸ்கிரைபஸில் முதலில் தடுமாறும். அச்சகம் கேட்கும் கோப்பு வடிவம் வேறாக இருக்கும். ஆகவே ஒரே நாளில் எல்லாவற்றையும் மாற்ற வேண்டாம். முதலில் யூனிகோடுக்கு மாறலாம். பிறகு ஆபிஸ், பிறகு படம், கடைசியில் பக்க வடிவமைப்பு. உண்மையிலேயே விலை மென்பொருள் தேவைப்பட்டால் அந்த ஒன்றை மட்டும் வாங்கலாம்.

முடிவுரை

லாகூர் சகோதரர்களின் பிளாப்பியிலிருந்து இன்றைய ரேன்சம்வேர் வரை சுமார் நாற்பது ஆண்டு வரலாறு ஒன்றைத்தான் திரும்பத் திரும்பச் சொல்கிறது. இலவசமாக வந்த திருட்டுப் பொருளுக்கு விலை உண்டு. அதை யாரோ ஒருவர், என்றோ ஒரு நாள் கொடுத்தே ஆக வேண்டும். கணினி கெட்டால் வேறு வாங்கலாம். ஊரின் எழுத்தும் நினைவும் போனால் எங்கே வாங்குவது?

தேயிலைத் தோட்டத்தில் பக்கத்துத் தோட்டத்துக் கொழுந்தை யாரும் கிள்ளுவதில்லை. அது பிறர் உழைப்பு என்று தெரியும். மென்பொருளும் ஒருவரின் உழைப்புதான். பகிரச் சொல்லித் தந்த மென்பொருள்கள் இத்தனை இருக்கும்போது, பகிரக் கூடாததை ஏன் பென் டிரைவில் சுமக்க வேண்டும்? சிந்திப்போம்!